மட்டையைக் கீழே வைத்த பிறகு என்ன தொழில்?

பங்குனி கழிந்து சித்திரை பிறந்துவிட்டால், மதுரையைச் சுற்றியுள்ள கண்மாய்களில் தண்ணீர் வற்றிவிடும். தரை காய்ந்து பாளம் பாளமாக வெடித்துக் கிடக்கும். அந்தத் தரையைப் பையன்கள் சும்மா விடுவார்களா? மண்வெட்டியால் கொஞ்சம் செதுக்கிச் சமப்படுத்துவார்கள். மூன்று குச்சிகளை நடுவார்கள். கிரிக்கெட் ஆட்டம் தொடங்கிவிடும். மேலூர்ப் பக்கம் போனாலும் சரி, திருமங்கலம், உசிலம்பட்டிப் பக்கம் போனாலும் சரி, இந்தக் காட்சியைக் காணலாம்.

கொஞ்ச நேரம் நின்று பாருங்கள். கருவேல மரத்து நிழலில் ஒருவர் உட்கார்ந்திருப்பார். வயது முப்பத்தைந்து, நாற்பது இருக்கும். ஒரு காலத்தில் நன்றாக ஆடியவர். ஜில்லா அணி வரையில் போனவர். அதற்கு மேல் போக முடியவில்லை. இப்போது ஏதோ ஒரு கடையில் வேலை. ஞாயிற்றுக்கிழமை வந்தால் அவருக்கு வீட்டில் இருப்புக் கொள்ளாது. கண்மாய்க்கு வந்துவிடுவார்.

"டேய்! பந்து வர்றதுக்கு முன்னாடியே தலையைத் தூக்கிட்டியே. எதைப் பார்த்து அடிச்சே?" என்பார்.

"அடுத்த பந்தைப் பாருங்கண்ணே" என்பான் பையன்.

அடுத்த பந்துக்குப் பையன் தலையை ஆட்டமாட்டான். பந்து கரையைத் தாண்டிப் போய் விழும். மரத்தடியில் இருப்பவர் முகத்தில் ஒரு சிரிப்பு தோன்றும். அவருக்குக் கிடைக்கும் சம்பளம் அதுதான்!

இப்படிப்பட்ட மனிதர்களைப் பற்றித்தான் இந்தக் கட்டுரை. ஆட்டத்தில் உச்சிக்குப் போகாதவர்கள், பிறரை உச்சிக்கு ஏற்றி வைப்பது எப்படி? அது ஒரு தொழிலா? அதைக் கற்றுக்கொள்ள முடியுமா? பிள்ளைகளை மைதானத்துக்கு அனுப்பும் ஒவ்வொரு குடும்பமும் தெரிந்துகொள்ள வேண்டிய விஷயம் இது.

கோப்பை வாங்கிய நாள்

2025-ம் ஆண்டு நவம்பர் 2-ந் தேதி. நவி மும்பை மைதானத்தில் பெண்கள் உலகக் கோப்பை இறுதிப் பந்தயம். இந்தியப் பெண்கள் 298 ரன் எடுத்தார்கள். தென் ஆப்பிரிக்கா 246 ரன்னில் முடங்கிவிட்டது. 52 ரன் வித்தியாசத்தில் இந்தியாவுக்கு வெற்றி!

2005-ம் ஆண்டிலும் 2017-ம் ஆண்டிலும் இதே உலகக் கோப்பையின் இறுதிப் பந்தயம் வரையில் போய்த் தோற்றுத் திரும்பியவர்கள் நம் பெண்கள். இந்தத் தடவை கோப்பை கைக்கு வந்தது. தலைவி ஹர்மன்பிரீத் கவுர் பெயரைத் தேசமே சொல்லிற்று. இறுதிப் பந்தயத்தில் 87 ரன் அடித்த ஷபாலி வர்மா, ஐந்து விக்கெட் எடுத்த தீப்தி சர்மா ஆகியோரின் படங்கள் எல்லாப் பத்திரிகைகளிலும் வந்தன.

அந்தக் கூட்டத்தின் ஓரத்தில் ஒருவர் நின்றார். அவர் பெயர் அமோல் முசும்தார். அணியின் தலைமைப் பயிற்சியாளர். அவர் இந்தியாவுக்காக எத்தனை பந்தயம் ஆடியிருக்கிறார் தெரியுமா?

ஒன்றுகூட இல்லை!

காத்திருந்தே கழிந்த வாழ்க்கை

1988-ம் ஆண்டு பம்பாயில் ஒரு பள்ளிக்கூடப் பந்தயம். சச்சின் டெண்டுல்கரும் வினோத் காம்ப்ளியும் சேர்ந்து ஆட்டமிழக்காமல் 664 ரன் குவித்தார்கள். அடுத்து ஆட வேண்டிய பையன் காலில் பட்டையைக் கட்டிக்கொண்டு காத்திருந்தான். அவன் முறை வரவே இல்லை. அந்தப் பையன்தான் அமோல் முசும்தார்.

பிறகு அவர் பம்பாய் அணிக்காக முதல் ரஞ்சிப் பந்தயம் ஆடினார். ரஞ்சிக் கோப்பை என்பது மாநில அணிகள் ஒன்றோடொன்று மோதும் போட்டி. அந்த முதல் பந்தயத்திலேயே அவர் 260 ரன் அடித்தார். "அடுத்த டெண்டுல்கர் வந்துவிட்டார்" என்று பேசிக்கொண்டார்கள். இருபது வருஷம் ஆடினார். மொத்தம் 11,167 ரன். முப்பது சதம். ஆனால் இந்திய அணியில் நடுவரிசையில் டெண்டுல்கர், டிராவிட், கங்குலி, லட்சுமணன் ஆகியோர் வரிசையாக இருந்தார்கள். இடம் ஏது? கதவு திறக்கவே இல்லை.

2014-ல் அவர் மட்டையைக் கீழே வைத்தார். பிறகு மட்டை பிடிக்கச் சொல்லிக் கொடுக்கும் வேலையில் இறங்கினார். 2019-ல் தென் ஆப்பிரிக்க அணி இந்தியாவுக்கு வந்தபோது அவர்களுக்குப் பேட்டிங் பயிற்சியாளராக இருந்தார். 2023 அக்டோபரில் இந்தியப் பெண்கள் அணி அவரிடம் ஒப்படைக்கப்பட்டது. அதற்கு இரண்டு வருஷம் கழித்து உலகக் கோப்பை!

இந்த உலகக் கோப்பையின் நடுவில் இந்தியா தொடர்ந்து மூன்று பந்தயங்களில் தோற்றது என்பதை மறக்கக் கூடாது. ஜெமிமா ரோட்ரிக்ஸ் என்ற பெண் சரியாக ஆடவில்லை என்று ஒரு பந்தயத்துக்கு ஒதுக்கி வைக்கப்பட்டார். ஒதுக்கியவர்களே அவரை மறுபடியும் அழைத்து, மூன்றாவது ஆளாக இறக்கினார்கள். அரை இறுதிப் பந்தயத்தில் ஆஸ்திரேலியாவுக்கு எதிராக அவர் ஆட்டமிழக்காமல் 127 ரன் அடித்தார். இந்தியா 339 ரன் இலக்கைத் தொட்டு வென்றது. ஒதுக்கப்பட்டவளை ஓய்ந்துபோக விடாமல் மறுபடியும் நிமிர்த்துவது சாமானிய வேலை அல்ல. வாழ்நாளெல்லாம் ஒதுக்கப்பட்டவருக்கு அந்த மனசு தெரிந்திருக்கும் அல்லவா?

முன்பே பாதை போட்ட தமிழர்

இதே அணிக்கு முசும்தாருக்கு முன்பு பயிற்சி கொடுத்த தமிழர் ஒருவர் உண்டு. அவர் கதையைத் தமிழர்களாகிய நாமே சரியாகச் சொல்லிக்கொள்ளவில்லை. அவர்தான் டபிள்யூ. வி. ராமன்.

1965-ம் ஆண்டு சென்னையில் பிறந்தவர் ராமன். இடது கை ஆட்டக்காரர். இதில் ஒரு வேடிக்கை உண்டு. அவர் ஆரம்பத்தில் பந்து வீசுகிறவராகத்தான் ஆட்டத்துக்கு வந்தார். இடது கையால் சுழற்பந்து போடுவார். மட்டை வீச்சு பிறகுதான் கைவந்தது. கடைசியில் ஆட்டத்தைத் தொடங்கி வைக்கும் முதல் ஆளாகவே உயர்ந்துவிட்டார்.

1988 ஜனவரியில் சேப்பாக்கம் மைதானத்தில் அவருக்கு முதல் டெஸ்ட் பந்தயம். எதிரி யார்? வேகப்பந்துக்குப் பேர்போன வெஸ்ட் இண்டீஸ். முதல் இன்னிங்ஸில் ராமன் 9 ரன்னுக்கு அவுட். மனம் தளரவில்லை. இரண்டாவது இன்னிங்ஸில் 83 ரன்! இந்தியா வென்றது. ஆனால் அதே பந்தயத்தில் நரேந்திர ஹிர்வானி என்ற இளைஞர் 16 விக்கெட் எடுத்துவிட்டார். பத்திரிகைகள் எல்லாம் ஹிர்வானியைப் பற்றியே எழுதின. ராமனின் 83 ரன் அந்த வெளிச்சத்தில் மங்கிப் போயிற்று.

அந்தப் பருவத்தில் தமிழ்நாடு ரஞ்சிக் கோப்பையை வென்றது. 33 வருஷத்துக்குப் பிறகு கிடைத்த கோப்பை அது. அடுத்த பருவத்தில் ராமன் கோவா அணிக்கு எதிராக 313 ரன் அடித்தார். அதே இன்னிங்ஸில் அர்ஜன் கிருபால் சிங் 302 ரன் அடித்தார். தமிழ்நாட்டின் மொத்தம் 912 ரன்! அந்த ஒரே பருவத்தில் ராமன் குவித்தது 1,018 ரன். ரூசி மோடி 1944-45 பருவத்தில் ஏற்படுத்திய 1,008 ரன் சாதனை அதுவரையில் முறியாமல் இருந்தது. அதை முறித்தவர் நம் ராமன்.

இவ்வளவு அடித்தவருக்கு இந்திய அணியில் என்ன கிடைத்தது? ஒன்பது வருஷத்தில் 11 டெஸ்ட் பந்தயம். அவ்வளவுதான். ஒரு நாள் பந்தயங்கள் 27. டெஸ்டில் அவருடைய அதிகபட்சம் 96 ரன். சதத்துக்கு நாலே நாலு ரன் குறைவு! 1992-ல் தென் ஆப்பிரிக்காவில் ஒரு நாள் பந்தயத்தில் 114 ரன் அடித்தார். அந்த நாட்டில் ஒரு நாள் பந்தயத்தில் சதம் அடித்த முதல் இந்தியர் அவர்தான். ஆனாலும் உள்ளே வருவதும், வெளியே போவதுமாகவே அவருடைய ஆட்ட வாழ்க்கை கழிந்தது. 1997 ஜனவரியில் கடைசி டெஸ்ட். பிறகு இரண்டு வருஷத்தில் ஆட்டத்திலிருந்தே விடை பெற்றார்.

வயது முப்பத்து நாலு. இந்த இடத்தில்தான் பலருடைய கதை முடிந்துவிடுகிறது. ராமனுக்கு இங்கேதான் இரண்டாவது கதை ஆரம்பம் ஆயிற்று.

இரண்டாவது படிப்பு

ராமன் பயிற்சியாளர் ஆனார். வங்காள அணிக்குப் பயிற்சி கொடுத்தார். சொந்த மாநிலமான தமிழ்நாட்டு அணிக்கும் பயிற்சி கொடுத்தார். ஐ.பி.எல். போட்டியில் கல்கத்தா நைட் ரைடர்ஸ் அணிக்குப் பேட்டிங் பயிற்சியாளராக இருந்தார். பெங்களூரில் உள்ள தேசிய கிரிக்கெட் அகாடமியில் இளைஞர்களுக்கு மட்டை பிடிக்கும் வித்தையைச் சொல்லிக் கொடுத்தார்.

2018-ம் ஆண்டு இறுதியில் இந்தியப் பெண்கள் அணிக்குள் பெரிய சச்சரவு. மூத்த ஆட்டக்காரி மிதாலி ராஜ் உலகப் போட்டியின் அரை இறுதியில் சேர்க்கப்படவில்லை. அதனால் ஆளுக்கு ஒரு பக்கம் பேசினார்கள். அந்தச் சமயத்தில்தான் தலைமைப் பயிற்சியாளர் பொறுப்பு ராமனிடம் வந்தது. புண்பட்ட வீட்டுக்குள் புதிதாக நுழைகிறவரின் நிலைமை எப்படி இருக்கும் என்று சொல்ல வேண்டியதில்லை.

பதினைந்து மாதம் கழித்து, 2020 மார்ச் 8-ந் தேதி, உலகப் பெண்கள் தினத்தன்று, ஆஸ்திரேலியாவின் மெல்போர்ன் மைதானத்தில் இருபது ஓவர் உலகக் கோப்பை இறுதிப் பந்தயம் நடந்தது. நேரில் பார்க்க வந்தவர்கள் 86,174 பேர்! அந்த மைதானத்தில் நம் பெண்கள் நின்றார்கள். முதல் சுற்றில் நாலு பந்தயத்திலும் ஜெயித்துவிட்டு வந்தவர்கள். ஷபாலி வர்மாவுக்கு அப்போது வயது பதினாறு.

அன்று இந்தியா தோற்றது. ஆஸ்திரேலியா 184 ரன் எடுத்தது. நாம் 99 ரன்னில் சுருண்டோம். 2021-ல் ராமனுக்குப் பதிலாக வேறு ஒருவர் நியமிக்கப்பட்டார். அவர் கையில் கோப்பை இல்லை.

ஆனால் கவனியுங்கள். மெல்போர்னில் தோற்று நின்ற அந்தப் பதினாறு வயதுப் பெண்தான் 2025-ல் நவி மும்பையில் 87 ரன் அடித்தார். ஹர்மன்பிரீத், தீப்தி, ஜெமிமா, ஸ்மிருதி மந்தனா எல்லோரும் இரண்டு இறுதிப் பந்தயத்திலும் ஆடியவர்கள். ஒருவர் நட்டார், இன்னொருவர் தண்ணீர் ஊற்றினார், மகசூல் வரும்போது யார் களத்தில் நின்றார்களோ அவர்கள் பெயர் எழுதப்பட்டது. இடையில் வந்து போன பயிற்சியாளர்களுக்கும் இதில் பங்கு உண்டு. விவசாயம் தெரிந்த நம் ஜனங்களுக்கு இது புரியாத விஷயம் அல்ல.

பேட்டிங் பயிற்சியாளர் என்ன செய்கிறார்?

"மட்டையால் பந்தை அடிக்க வேண்டும். இதற்கு ஒரு வாத்தியாரா?" என்று சிலர் கேட்கலாம். கொஞ்சம் கணக்குப் பார்ப்போம்.

கிரிக்கெட் ஆடுதளத்தின் நீளம் 22 கஜம். வேகப்பந்து வீசுகிறவர் மணிக்கு 140 கிலோமீட்டர் வேகத்தில் வீசினால், பந்து அவர் கையை விட்டு மட்டைக்கு வந்து சேர அரை விநாடிகூட ஆகாது. கண்ணை ஒரு தடவை சிமிட்டிவிட்டு நிமிர்ந்தால் பந்து வந்துவிடும்! அதற்குள் பந்து எங்கே விழும் என்று கண்டுபிடிக்க வேண்டும். முன்னால் போவதா, பின்னால் போவதா என்று முடிவு செய்ய வேண்டும். கால் நகர வேண்டும். கை இறங்க வேண்டும்.

அந்த அரை விநாடியில் யோசிக்க நேரம் கிடையாது. உடம்பே தானாகச் செய்தாக வேண்டும். உடம்புக்கு அதைப் பழக்கி வைப்பதுதான் பயிற்சியாளரின் வேலை.

அவர் வலைக்குப் பின்னால் நின்று பார்ப்பார். தலை ஆடுகிறதா? முன்கால் குறுக்கே போகிறதா? மட்டை நேராக இறங்குகிறதா? பத்துக் குறைகள் அவர் கண்ணில் படும். பத்தையும் ஒரே நாளில் சொன்னால் ஆட்டக்காரன் குழம்பிப் போவான். எனவே ஒன்றை மட்டும் சொல்வார். அதற்காக நூறு பந்து போடுவார். மறுநாள் மறுபடியும் நூறு பந்து. அது படிந்த பிறகுதான் அடுத்த பாடம். எதைச் சொல்லக் கூடாது, எப்போது வாயை மூடிக்கொள்ள வேண்டும் என்று தெரிந்தவர்தான் நல்ல வாத்தியார். நம் சிலம்ப வாத்தியார்களும் இப்படித்தான். கம்பைக் கையில் கொடுப்பதற்கு முன்பு காலடி வைக்கச் சொல்லிக் கொடுப்பார்கள்.

அமெரிக்காவில் ஒரு 'அடி வாத்தியார்'

அமெரிக்காவில் பேஸ்பால் என்று ஓர் ஆட்டம் உண்டு. நம் கிரிக்கெட்டுக்குத் தூரத்துச் சொந்தம் என்று சொல்லலாம். அங்கேயும் ஒருவர் பந்து எறிவார். ஒருவர் மட்டையால் அடிப்பார். அங்கே ஒவ்வொரு பெரிய அணிக்கும் மட்டை வீச்சுக்கென்றே தனி வாத்தியார் உண்டு. 'ஹிட்டிங் கோச்' என்பார்கள். தமிழில் 'அடி வாத்தியார்' என்று சொன்னால் நம் ஊரில் அர்த்தமே மாறிவிடும்!

சார்லி லா என்று ஓர் ஆட்டக்காரர். 1956 முதல் 1967 வரையில் ஓர் அணியிலிருந்து இன்னோர் அணிக்கு மாறி மாறி ஆடியவர். பேஸ்பாலில் நூறு தடவை மட்டை பிடித்தால் முப்பது தடவை சரியாக அடிக்கிறவரை நல்ல ஆட்டக்காரர் என்பார்கள். சார்லி லாவின் கணக்கு நூற்றுக்கு 25 அல்லது 26. நடுத்தரம்தான்.

ஆட்டம் முடிந்த பிறகு அவர் கன்சாஸ் சிட்டி அணிக்கு மட்டை வாத்தியார் ஆனார். 1974-ல் அங்கே ஜார்ஜ் பிரெட் என்ற இளைஞர் அடிக்க முடியாமல் திணறிக்கொண்டிருந்தார். சார்லி லா அவரைத் தனியே அழைத்துப் போனார். உடம்பின் பாரத்தை முதலில் பின்காலில் வாங்கச் சொன்னார். பிறகு முன்காலுக்கு மாற்றச் சொன்னார். தலையைப் பந்தின் மேலேயே நிறுத்தி வைக்கச் சொன்னார். நாள்தோறும் இதே பாடம். அந்த ஜார்ஜ் பிரெட்தான் 1980-ல் நூற்றுக்கு 39 என்ற கணக்கில் அடித்து அமெரிக்காவையே வியக்க வைத்தார். தன் வெற்றிக்குச் சார்லி லாவே காரணம் என்று அவர் பல தடவை சொல்லியிருக்கிறார்.

நூற்றுக்கு 25 அடித்தவர், நூற்றுக்கு 39 அடிக்கிறவரை உருவாக்கினார்! எப்படி?

கஷ்டப்பட்டுக் கற்றவருக்கே வழி தெரியும்

பிறவியிலேயே கை வந்தவருக்கு, அது எப்படி வந்தது என்று தெரியாது. "பந்தைப் பார், அடி" என்பார். அவருக்கு அது போதும். மற்றவனுக்குப் போதாது. ஒவ்வொரு படியாகத் தடுக்கித் தடுக்கி ஏறியவருக்குத்தான் எந்தப் படியில் கால் வழுக்கும் என்று தெரியும். பந்து வீச வந்து, பிறகு மட்டை பிடிக்கக் கற்ற ராமனுக்கு, கற்கிற வழி தெரிந்திருந்ததில் ஆச்சரியம் இல்லை.

இன்னொன்றும் உண்டு. வெளியே உட்கார்ந்திருப்பவன் ஆட்டத்தை அதிகமாகப் பார்க்கிறான். ஆடுகிறவன் தன் ஆட்டத்தை மட்டும் பார்க்கிறான். காத்திருக்கிறவனோ பதினோரு பேருடைய ஆட்டத்தையும் பார்க்கிறான். அந்த வருஷங்கள் வீணாகப் போகவில்லை. அவை படிப்பாகச் சேர்ந்துகொண்டே வந்தன.

டெண்டுல்கருக்கும் முசும்தாருக்கும் சிறு வயதில் பாடம் சொன்னவர் ரமாகாந்த் அச்ரேக்கர். பம்பாய் சிவாஜி பார்க் மைதானத்தில் எத்தனையோ பையன்களை அவர் உருவாக்கினார். முதல் தரப் பந்தயம் அவர் ஆடியது ஒன்றே ஒன்றுதான்! குச்சியின் மேல் ஒரு ரூபாய் நாணயத்தை வைப்பார். கடைசி வரையில் அவுட் ஆகாமல் ஆடுகிற பையனுக்கு அந்த நாணயம். டெண்டுல்கர் அப்படி வென்ற நாணயங்களைப் பொக்கிஷமாக வைத்திருந்தார். அச்ரேக்கருக்கு 1990-ல் மத்திய அரசு துரோணாச்சாரியார் விருது வழங்கிற்று.

"ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவுமா? பெரிய ஆட்டம் ஆடாதவர் பெரிய ஆட்டத்தைப் பற்றி என்ன சொல்ல முடியும்?" என்று கேட்பவர்கள் உண்டு. அதிலும் கொஞ்சம் நியாயம் இருக்கிறது. பெரிய ஆட்டக்காரர்கள் நல்ல வாத்தியார் ஆனதும் உண்டு. 164 டெஸ்ட் பந்தயம் ஆடிய ராகுல் டிராவிட் பயிற்சியாளராக இருந்தபோதுதான் 2024-ல் இந்தியா இருபது ஓவர் உலகக் கோப்பையை வென்றது. ஆனால் டிராவிட் நேராகப் பெரிய நாற்காலியில் உட்காரவில்லை. முதலில் பத்தொன்பது வயதுக்கு உட்பட்ட பையன்களுக்குப் பாடம் சொன்னார். பெரியவரும் மறுபடியும் ஒன்றாம் வகுப்பில் உட்கார்ந்துதான் வாத்தியார் வேலையைக் கற்கிறார்.

ஆகவே, தோற்றவர் எல்லோரும் நல்ல வாத்தியார் என்று சொல்லிவிட முடியாது. ஜெயித்தவர் எல்லோரும் கெட்ட வாத்தியார் என்றும் சொல்ல முடியாது. ஆடுவது ஒரு வித்தை. சொல்லிக் கொடுப்பது இன்னொரு வித்தை. இரண்டாவதையும் தனியாகக் கற்க வேண்டும்.

பெற்றோர் கவனத்துக்கு

"பந்து அடித்தால் சோறு கிடைக்குமா?" என்று கேட்காத தகப்பனார் உண்டா? அந்தக் கேள்வியில் தப்பில்லை. அணியில் இடம் பதினோரு பேருக்குத்தான். மீதிப் பேர் என்ன செய்வது?

இதற்கு ஒரு பதில்தான் பயிற்சியாளர் தொழில். அதற்கு முறையான படிப்பு உண்டு. பஞ்சாபில் பாட்டியாலா நகரில் 1961-ல் தொடங்கப்பட்ட தேசிய விளையாட்டு நிறுவனம் பயிற்சியாளர்களுக்கு டிப்ளமா கொடுத்து வந்திருக்கிறது. சென்னைக்கு அருகே தமிழ்நாடு உடற்கல்வியியல் மற்றும் விளையாட்டுப் பல்கலைக்கழகம் இருக்கிறது. கிரிக்கெட்டில் மட்டும் தேற விரும்புகிறவர்களுக்கு இந்தியக் கிரிக்கெட் வாரியம் மூன்று படிகளாகப் பயிற்சியாளர் வகுப்புகளை ஏற்படுத்தியிருக்கிறது. ஆட்டத்தை விட்டபின் யோசிப்பதைவிட, ஆடுகிற காலத்திலேயே இந்தப் பாதையை விசாரித்து வைப்பது புத்திசாலித்தனம்.

ஒளிக்காமல் ஓர் உண்மையையும் சொல்ல வேண்டும். இந்தத் தொழிலில் நிரந்தரம் குறைவு. அணி தோற்றால் முதலில் பயிற்சியாளர்மேல்தான் கை வைப்பார்கள். இறுதிப் பந்தயம் வரையில் அணி போன பிறகும் ராமனுக்குப் பதவி நீடிக்கவில்லை. ஆகையால் பிள்ளைகள் பள்ளிப் படிப்பை விட்டுவிட்டு மைதானமே கதி என்று கிடப்பது கூடாது. படிப்பும் வேண்டும், ஆட்டமும் வேண்டும். எழுதப் படிக்கத் தெரிந்த ஆட்டக்காரருக்குத்தான் இந்த இரண்டாவது கதவு எளிதில் திறக்கும்.

மதுரைக்கு என்ன வேண்டும்?

2025-ம் ஆண்டு அக்டோபர் மாதம் மதுரை சிந்தாமணியில் பெரிய கிரிக்கெட் மைதானம் ஒன்று திறக்கப்பட்டது. மகேந்திர சிங் தோனி வந்து திறந்து வைத்தார். ஊரே திரண்டது. மதுரைக்குப் பெருமைதான். அதற்கு முன்பே, 2018-ல், மதுரை பாந்தர்ஸ் அணி தமிழ்நாடு பிரிமியர் லீக் கோப்பையை வென்றிருக்கிறது. ஆசைக்குக் குறைவில்லை. ஆட்களுக்கும் குறைவில்லை.

ஆனால் மைதானம் ஆட்டக்காரனை உண்டாக்காது. சுவர் எழுப்பப் பணம் போதும். புல் வளர்க்கத் தண்ணீர் போதும். ஒரு பையனுடைய தலை ஆடுகிறது என்று கண்டுபிடித்து, அதை அவன் மனம் நோகாமல் சொல்லித் திருத்துகிற ஓர் ஆளை உண்டாக்க இருபது வருஷம் வேண்டும். அப்படிப்பட்ட ஆட்கள் நம் ஊர்களில் ஏற்கனவே இருக்கிறார்கள். மரத்தடியில் உட்கார்ந்திருக்கிறார்கள்.

அவர்களுக்கு முறையான வகுப்புக்குப் போக யாராவது வழி காட்ட வேண்டும். பள்ளிக்கூடங்கள் சனி, ஞாயிறுகளில் அவர்களை அழைத்துச் சிறு சம்பளமாவது கொடுக்கலாம். ஊர்ப் பெரியவர்கள் முன்வரலாம். ஒரு காலத்தில் சிலம்ப வாத்தியாருக்கு ஊர் மரியாதை செய்யவில்லையா? மட்டை வாத்தியாருக்கும் செய்தால் என்ன?

இன்னொன்று. கண்மாயில் ஆடும் கூட்டத்தில் பெண் குழந்தைகளைக் காண்பது அரிது. உலகக் கோப்பையை வென்று வந்தவர்கள் பெண்கள்! அண்ணன் மட்டை பிடிக்கும்போது தங்கை கரையில் நின்று பந்து பொறுக்கிப் போடுகிறாள். அவள் கையிலும் ஒரு தடவை மட்டையைக் கொடுத்துப் பார்க்கலாமே!

வாசகர்களே! இந்த ஞாயிற்றுக்கிழமை உங்கள் ஊர்க் கண்மாய்ப் பக்கம் போனால் அந்த மரத்தடியைக் கவனியுங்கள். அங்கே ஒருவர் உட்கார்ந்திருப்பார். "ஒழுங்காக ஆடியிருந்தால் இவர் எங்கேயோ போயிருப்பார்" என்று யாராவது சொன்னால், "போகாமல் இங்கே இருப்பதால்தான் நம் பிள்ளைகளுக்கு ஆட வருகிறது" என்று பதில் சொல்லுங்கள்.

முடிந்தால் அவருக்கு ஒரு டீ வாங்கிக் கொடுங்கள். உங்கள் மகள் கையையும் பிடித்துக் கூட்டிப் போங்கள்.